போர்ச்சுகல் எம்.பி.யின் வாழ்க்கைக் குறிப்பில் நான் விட்டது

காலை எட்டு மணிக்கு முன்னால் அண்ணனிடமிருந்து ஃபோன் வந்தால் ஏதோ ஒரு வேலை என் தலையில் விழப்போகிறது என்று அர்த்தம். அன்று ஏழேகாலுக்கே வந்தது.

"கண்ணு, போர்ச்சுகல்ல இருந்து ஒரு எம்.பி. அம்மா நம்ம மில்லுக்கு வாராங்களாமா. நீ அந்தூர்ல குடியிருந்தவதானே. அவங்களப் பத்தி ரெண்டு பக்கம் எழுதிப்போடு. மேடையில வாசிக்கோணும்."

எங்கள் மில் கருமத்தம்பட்டியிலிருந்து அன்னூர் போகிற வழியில் இருக்கிறது. டவல் நெய்து, வெட்டி, ஓரம் தைத்து ஐரோப்பாவுக்கு அனுப்புகிறோம். மில் அண்ணனுடையது. வெளிநாட்டுக் கடிதங்களும், ஆடிட் என்று வருகிறவர்களுக்குக் காட்ட வேண்டிய ஃபைல்களும் என் பொறுப்பு. என் வீட்டுக்காரர் தறி மெஷின் கம்பெனி ஒன்றுக்காக வடக்குப் போர்ச்சுகலில் நான்கு வருடம் வேலை பார்த்தார். நானும் கூடப் போயிருந்தேன். மீன்காரியிடமும் கீழ்வீட்டுப் பாட்டியம்மாவிடமும் வாயைக் கொடுத்துக் கொடுத்து அந்த மொழி எனக்கு வந்துவிட்டது. இலக்கணம் கேட்டால் முழிப்பேன். சண்டை போடச் சொன்னால் நன்றாகவே போடுவேன்.

வருகிறவர் ஐரோப்பிய நாடுகள் எல்லாம் சேர்ந்து பிரஸ்ஸல்ஸில் வைத்திருக்கிற நாடாளுமன்றத்தின் உறுப்பினர். வெளிநாட்டுச் சரக்கை வாங்குகிற கம்பெனி அது எந்தக் கையால், எந்த நிலைமையில் செய்யப்பட்டது என்று தானே பார்த்துப் பொறுப்பேற்க வேண்டும் என்று அங்கே ஒரு சட்டம் பேசிக்கொண்டிருந்தார்கள். அதற்காகக் கோவைக்கு வந்த குழுவில் இவரும் ஒருவர். எங்களிடம் டவல் வாங்குகிற பெரிய கம்பெனி, "நல்ல மில் பார்க்க வேண்டுமா, இதைப் பாருங்கள்" என்று எங்கள் பெயரைக் கொடுத்துவிட்டது. கொடுத்ததோடு அண்ணனுக்கு ஒரு கடிதமும் போட்டது. இந்த வருகையில் ஏதாவது கோளாறு என்றால் அடுத்த வருட ஆர்டரைப் பற்றி யோசிக்க வேண்டியிருக்கும் என்று அதில் மரியாதையாக எழுதியிருந்தார்கள். இருநூறு பேர் வேலை பார்க்கிற இடம். அண்ணன் அந்தக் கடிதத்தை மடித்துச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார்.

எங்கள் பக்கத்தில் ஒருவரை மேடையேற்றினால் அவர் பிறந்த கதையிலிருந்து வாசித்தாக வேண்டும். பள்ளிக்கூட ஆண்டுவிழாவுக்கு வருகிற வங்கி மேலாளருக்கே ஒன்றரைப் பக்கம் உண்டு. ஆகவே உட்கார்ந்து அந்த அம்மாவின் பேட்டிகள், பேச்சுகள், உள்ளூர்ப் பத்திரிகைச் செய்திகள் எல்லாம் தேடிப் படித்தேன்.

ஆற்றங்கரையில் டவல் மில்களாக இருக்கிற ஒரு சின்ன ஊரில் பிறந்தவர். அந்த நாட்டில் சர்வாதிகாரம் முடிந்தபோது அவர் தவழ்கிற குழந்தை. அம்மா முதன்முதலாக ஓட்டுப் போடப் போனபோது இவர் இடுப்பில் இருந்தாராம். அப்பா பிரான்சில் ரோடு போடுகிற வேலை. வருடத்துக்கு ஒரு மாதம் வீட்டுக்கு வருவார். அம்மா பன்னிரண்டு வயதிலிருந்து தறிக்கொட்டகையில். இவர் உதவித்தொகையில் சட்டம் படித்துத் தொழிலாளர் வழக்குகளாக எடுத்து நடத்தினார். ஊர் மன்றத்துக்கு நின்று ஜெயித்தார். நகரத் தலைவர் பதவிக்கு இரண்டு தடவை நின்று இரண்டு தடவையும் தோற்றார். லிஸ்பன் நாடாளுமன்றத்தில் ஒரு தவணை. பிறகு பிரஸ்ஸல்ஸ், இப்போது மூன்றாவது தவணை. இந்தச் சட்டத்தை நீர்த்துப்போகச் செய்யலாம் என்று சொந்த அணித் தலைவரே சொன்னபோது எதிர்த்து ஓட்டுப் போட்டதால் ஒரு கமிட்டியிலிருந்து கழற்றிவிட்டார்கள். இரண்டு வருடம் எல்லார் கதவையும் தட்டி மறுபடி உள்ளே வந்துவிட்டார். கூட்டங்களில் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்பார் என்று ஒரு பத்திரிகைக்காரர் கேலியாக எழுதியிருந்தார். "அந்தப் பெண்ணிடம் கேட்டபோது பக்கத்தில் யார் நின்றார்கள்?" என்பதுதான் அந்தக் கேள்வி.

அண்ணனிடம் படித்துக் காட்டினேன்.

"எந்தத் தொகுதின்னு போடவே இல்லியே."

"தொகுதி கிடையாதுங்க அண்ணா. நாடு முச்சூடுக்கும் ஒரே பட்டியல். கட்சி வரிசை போட்டுக் குடுக்கும், வாங்கற ஓட்டுக்குத் தக்கன மேல இருக்கறவங்க போவாங்க."

"தொகுதியே இல்லாம எம்.பி.யா? அப்ப ரோடு சரியில்லைன்னா யாருகிட்டப் போய் நிப்பாங்க?" அண்ணன் கொஞ்ச நேரம் அந்த நாட்டுக்காகக் கவலைப்பட்டார். பிறகு ஒரு வரியில் விரலை வைத்தார். "இதை எடுத்துப்போடு."

அது எம்.பி.யின் அம்மா வேலை பார்த்த மில் மூடின வரி. ஆர்டர்கள் எல்லாம் கிழக்கு நாடுகளுக்குப் போய்விட்டதால் மூடினார்கள். அண்ணன் இரண்டாவது ஷெட் போட்டது ஏறத்தாழ அந்தச் சமயத்தில்தான்.

"நாம புடுங்கிக்கிட்ட மாதிரி இருக்குது," என்றார்.

எடுத்துவிட்டேன். ஆனால் அதற்கு முன்பே, அண்ணன் கண்ணில் படாமல், வேறொன்றை நானாகவே விட்டிருந்தேன். அந்த அம்மாவின் தாயாருக்குத் தறிச் சத்தத்தில் காது போய்விட்டது. மில் டாக்டர் ஒரு காகிதத்தில், இது பரம்பரையாக வந்த செவிடு, வேலைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். வீட்டு அலமாரியில் அந்தக் காகிதத்தைப் பதினைந்து வயதில் பார்த்துத்தான் சட்டம் படிக்க முடிவு செய்ததாக அவரே எல்லாப் பேட்டியிலும் சொல்லியிருந்தார். அவருடைய வாழ்க்கையே அந்தக் காகிதத்தில் ஆரம்பிக்கிறது. அதையே விட்டுவிட்டு எழுதினேன். மடியில் கனம் இருந்தால்தானே வழியில் பயம்.

கனம் என்னவென்று சொல்லிவிடுகிறேன். நீளமாக வருகிற டவல் துணியைக் குறுக்கே துண்டு போடுகிற மெஷின் ஒன்று எங்களிடம் உண்டு. கத்திக்கு மேலே ஒரு மூடி இருக்கும். அதில் வேலை பார்த்த பெண் முந்தின வருடம் ஒரு நாள் ஆபீஸ் வாசலில் வந்து நின்றாள். முப்பது வயசுக்குள்தான் இருக்கும். அதிர்ந்து பேசத் தெரியாதவள்.

"மூடி நிக்க மாட்டேங்குதுங்க அம்மணி. கயிறு போட்டுக் கட்டி வெச்சிருக்கறனுங்க. ஃபிட்டரைக் கேட்டா, ஆபீஸ்ல சொல்லி சாமான் வாங்கித் தரச் சொல்லுங்கறாருங்க."

நான் அப்போது வெளிநாட்டுக்காரர்களோடு கம்ப்யூட்டரில் பேசிக்கொண்டிருந்தேன். சாயம் சரியில்லை என்று அவர்கள் ஒரு பக்கம் குதித்துக்கொண்டிருந்தார்கள். "சரி, வாங்கச் சொல்றேன்," என்று கையைக் காட்டினேன். அவள் போய்விட்டாள். எனக்கு அது சுத்தமாக மறந்துவிட்டது. ஒன்பதாம் நாள் அவள் இடது கையில் இரண்டு விரல் போய்விட்டது.

அண்ணன் குறை வைக்கவில்லை. பெரியாஸ்பத்திரி, வைத்தியம், லீவு எல்லாம் பார்த்தார். திரும்பி வந்ததும் லேபிள் சரிபார்க்கிற மேஜையில் உட்காரவைத்தார். விபத்துப் பதிவேட்டை எழுதியது நான். 'காரணம்' என்று ஒரு கட்டம் இருக்கும். பேனாவைப் பிடித்துக்கொண்டு நிறைய நேரம் உட்கார்ந்திருந்தேன். பிறகு, தொழிலாளியின் கவனக்குறைவு என்று இங்கிலீஷில் எழுதினேன். கையெழுத்துப் போட அவளும் அவள் புருஷனும் வந்தார்கள். என்ன எழுதியிருக்கிறது என்று புருஷன் கேட்டார். சொன்னேன். அவர் தலையை ஆட்டினார். அவள் என்னை ஒரு தடவை பார்த்தாள், கையெழுத்துப் போட்டாள். அவள் முன்பே வந்து சொன்னது அண்ணனுக்குக்கூடத் தெரியாது.

வருகை மாசி மாதத்தில் ஒரு வியாழக்கிழமை. முந்தின நாள் நான் கோவையில் இருந்தேன். காலை ஒன்பது மணிக்கு மில்லுக்குள் கார் நுழையும்போதே ஏதோ சரியில்லை என்று தோன்றியது. கொஞ்ச நேரம் கழித்துத்தான் என்னவென்று பிடிபட்டது. சத்தமே இல்லை. கேட்டில் வாழைமரம். உள்ளே தறிகள் எல்லாம் நிறுத்தி, துடைத்து, ஒவ்வொன்றுக்கும் சந்தனப் பொட்டும் குங்குமமும், மேலே செவ்வந்தி மாலை. தரையில் ஒரு பஞ்சுத் துணுக்கு இல்லை. பெண்கள் எல்லாரும் ஒரே நிறத்தில் புதுச் சேலை கட்டிக்கொண்டு வரிசையாக நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்கள்.

"ஏனுங்கண்ணா, தறி எதுக்கு நிறுத்துனீங்க?"

"ஒறம்பரை வாராங்க. அந்தச் சத்தத்துலயும் பஞ்சுலயும் கொண்டுபோய் நிறுத்தறதா? ஆயுத பூஜைக்குச் செய்யற மாதிரி செஞ்சுபோட்டேன். நல்லா இருக்குதில்ல?"

அவர் முகத்தில் அவ்வளவு சந்தோஷம். பெரிய மனுஷர் வந்தால் வேலையை நிறுத்துவது எங்கள் மரியாதை. வந்தவரை நிற்க வைத்துவிட்டு வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தால் அது அவமானம். இதை ஐரோப்பாக்காரர்கள் எப்படி எடுத்துக்கொள்வார்கள் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. எனக்குத் தோன்றியது. திருப்பி ஓட்டச் சொல்ல நேரமில்லை, எம்.பி.யின் கார் வந்துவிட்டது. நாற்காலி வரிசையைப் பார்த்தேன். அந்தப் பெண் இல்லை.

"லீவு குடுத்துத் தாட்டிவிட்டேன்," என்றார் அண்ணன் தாழ்ந்த குரலில். "கையி அப்படி இருக்கையில எல்லாத்துக்கும் முன்னால உக்கார வெச்சா அந்தப் புள்ளைக்குத்தான சங்கட்டம்?"

அவர் சொன்னதைப் பாதி நம்பியே சொன்னார் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். மீதிப் பாதி சட்டைப் பையில் இருந்த கடிதம். எனக்கு நிம்மதியாகக்கூட இருந்தது.

எம்.பி. குள்ளமாக, தோளில் துணிப்பையோடு, நம்மூர்ப் பள்ளிக்கூட டீச்சர் மாதிரி இருந்தார். கூட ஒரு உதவியாளரும், டில்லியிலிருந்து ஒரு மொழிபெயர்ப்பாளரும். நான் போர்ச்சுகீசிய மொழியில் வணக்கம் சொன்னதும் திடுக்கிட்டுச் சிரித்தார். நான் பேசுவது அவருடைய அத்தைமார்கள் பேசுவது போலவே இருக்கிறதாம். என் கையைப் பிடித்துக்கொண்டுதான் ஷெட்டுக்குள் வந்தார். உள்ளே கால் வைத்ததும் கையை விட்டுவிட்டார்.

மாலை போட்ட தறிகளைப் பார்த்தார். புதுச் சேலைகளைப் பார்த்தார். அவர் முகம் இறுகிவிட்டது. அண்ணன் பொன்னாடை போர்த்தினார், அதை ஏற்றுக்கொண்டார். நான் மேடையில் வாழ்க்கைக் குறிப்பைத் தமிழில் வாசித்து, அவருக்காக அவர் மொழியிலும் வாசித்தேன். தன் பிறப்பு, படிப்பு, தோல்விகள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தார். முடித்து உட்கார்ந்ததும் என் பக்கம் சாய்ந்தார்.

"நன்றாகத் தேடியிருக்கிறீர்கள். என் தாயாரின் காதைப் பற்றி மட்டும் கண்ணில் படவில்லையா?"

"மேடையில் சொல்ல வேண்டாம் என்று விட்டேன்."

"நான் அதை எல்லா மேடையிலும் சொல்கிறேனே," என்றார்.

எழுந்தவர் தறிகளை ஓட்டச் சொன்னார். மாலைகளை எடுத்து, இழை சரிபார்த்து, ஷெட் முழு வேகத்துக்கு வர முக்கால் மணி நேரம் ஆயிற்று. அந்த முக்கால் மணி நேரமும் அவர் காப்பியைத் தொடாமல் நின்றார். ஏன் நிறுத்தினீர்கள் என்று கேட்டார். மரியாதைக்காக என்று சொன்னேன். "என்னை வரவேற்கிற எல்லா மில்லும் எதையாவது நிறுத்தித்தான் வைக்கிறது," என்றார். அவரிடம் நான் எதைச் சொன்னாலும் அது மூடி மறைப்பதாகத்தான் படும் என்று புரிந்தது. அதிலும் என்ன வேடிக்கை என்றால், அவர் தப்பான இடத்தில் சந்தேகப்பட்டுச் சரியான கதவுக்கே வந்துகொண்டிருந்தார்.

ஷெட் முழுக்கச் சுற்றிப் பார்த்துவிட்டு, மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஆபீசுக்கு வந்து விபத்துப் பதிவேட்டைக் கேட்டார். எடுத்துக் கொடுத்தேன். ஊசி குத்தினது, கால் இடறினது என்று சில்லறை விபத்துகள். அந்தப் பக்கத்தில் நிறுத்தினார். இங்கிலீஷ் படிக்கத் தெரிந்தவர். 'காரணம்' கட்டத்தில் விரலை வைத்து எடுக்கவே இல்லை.

"இந்தப் பெண் இங்கே இருக்கிறாரா?"

"லீவுன்னு சொல்லு," என்றார் அண்ணன், என்ன கேட்டார் என்று நான் சொன்னதும்.

"இன்று லீவு," என்று சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். அவர் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "நாங்கள்தான் வர வேண்டாம் என்று சொன்னோம்," என்று வாயில் வந்துவிட்டது. அண்ணனுக்கு மொழி தெரியாவிட்டாலும் என் முகம் தெரியும்.

"வீட்டுக்குப் போகலாம்," என்றார் எம்.பி. "முதலாளி வர வேண்டாம்."

டில்லிக்காரருக்குத் தமிழ் தெரியாது. வட மாநிலத்திலிருந்து வந்து தறி ஓட்டுகிறவர்களோடு பேச அவரை அங்கேயே விட்டுவிட்டு, எம்.பி.யும் உதவியாளரும் நானும் கிளம்பினோம். மில்லிலிருந்து மூன்று கிலோமீட்டர். காரில் அவர் நேராக முன்னால் பார்த்துக்கொண்டு சொன்னார்: "நீங்கள் முதலாளியின் தங்கை. முறைப்படி உங்களை உள்ளே விடவே கூடாது. எனக்கு வேறு ஆள் இல்லை. அவர் சொல்வதைக் கூட்டாமல் குறைக்காமல் சொல்வீர்களா?"

"சொல்வேன்," என்றேன். அந்த மூன்று கிலோமீட்டரும் நான் என்ன நினைத்துக்கொண்டு போனேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. அவள் என்னைக் காட்டிக்கொடுக்காமல் இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டு போனேன். அவள் சொல்லிவிட்டால் நான் அதை மொழிபெயர்க்காமல் விட்டுவிடுவேனா என்றும் யோசித்தேன். விட்டுவிடுவேன் என்றுதான் தோன்றியது.

தகரக் கூரை போட்ட வீடு. வாசலில் ஒரு டிவிஎஸ் வண்டிக்கு இடம் விட்டு மீதியில் துணி காய்ந்தது. அவள் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். எங்களைப் பார்த்ததும் இடது கை தானாக முந்தானைக்குள் போனது.

"வாங்க அம்மணி, வாங்க. சொல்லியிருந்தா ஊட்டக் கூட்டி வெச்சிருப்பனுங்களே."

இரண்டு பிளாஸ்டிக் நாற்காலி போட்டாள். தண்ணீர் கொடுத்தாள். எம்.பி. நாற்காலியில் உட்காரவில்லை, அவளுக்கு எதிரில் தரையிலேயே உட்கார்ந்தார். தான் யார், எதற்காக வந்தேன், இதனால் அவள் வேலைக்கு ஆபத்து வராமல் தான் பார்த்துக்கொள்வேன் என்றெல்லாம் பொறுமையாகச் சொன்னார். நானும் சொன்னேன். அவள் எல்லாவற்றுக்கும் "ஆமாங்க, ஆமாங்க" என்றாள்.

விபத்து எப்படி நடந்தது என்று கேட்டார்.

"என்ற தப்புத்தானுங்க. கையக் குடுத்துப்போட்டனுங்க. மொதலாளி தங்கமானவருங்க, எல்லாம் பாத்துக்கிட்டாரு."

மொழிபெயர்த்தேன். உதவியாளர் எழுதினார்.

"மூடி சரியாக இருந்ததா?"

அவள் என்னைப் பார்த்தாள். "இல்லீங்க. கட்டி வெச்சிருந்தனுங்க."

அதையும் சொன்னேன். எம்.பி.யின் முதுகு நிமிர்ந்தது.

"மூடி கெட்டிருக்கிறது என்று யாரிடமாவது முன்னாலேயே சொன்னீர்களா?"

கேள்வியைத் தமிழில் சொன்னேன். அவள் கண்ணை என் முகத்திலிருந்து எடுக்கவில்லை. பக்கத்து வீட்டில் யாரோ குழாயைத் திறந்துவிட்டுக் குடம் நிரம்பி வழிகிற சத்தம். அதை யாராவது போய் மூடினால் தேவலை என்று நினைத்தேன்.

"இல்லீங்க," என்றாள். "யாருகிட்டயும் சொல்லலீங்க."

எனக்காகச் சொன்ன பொய். அதைக் கூட்டாமல் குறைக்காமல் மொழிபெயர்த்தால் போதும். கொடுத்த வாக்கும் நிற்கும், ஆர்டரும் நிற்கும், நானும் தப்பித்தேன். மொழிபெயர்த்தேன். "இல்லை. யாரிடமும் சொல்லவில்லை." உதவியாளர் எழுதி முடித்துப் பக்கத்தைத் திருப்பினார். எம்.பி. அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் சந்தேகப்படவில்லை. அவர் முகத்தில் இருந்தது அலுப்பு. இந்தப் பதிலை எத்தனை ஊரில் கேட்டிருப்பாரோ. பக்கத்தில் யார் நின்றார்கள் என்று கேட்கிறவருக்குப் பக்கத்தில் நான் நின்றேன். எனக்கு என்மேலேயே அருவருப்பாக இருந்தது.

"அவர் சொன்னது அதுதான்," என்றேன். "ஆனால் அது உண்மையில்லை. என்னிடம் சொன்னார். விபத்துக்கு ஒன்பது நாளைக்கு முன்னால். நான் மறந்துவிட்டேன். அந்தக் கட்டத்தில் எழுதியதும் நான்தான்."

உதவியாளரின் பேனா நின்றது. எம்.பி. என் பக்கம் மெதுவாகத் திரும்பினார்.

"நான் ரெண்டே வார்த்தைதானுங்க சொன்னேன்," என்றாள் அந்தப் பெண். "நீங்க என்னமோ நெறையச் சொல்றீங்களே அம்மணி."

நான் அவளிடமும் சொன்னேன். நீங்க எங்கிட்ட வந்து சொன்னதையும், நான் மறந்ததையும், கவனக்குறைவுன்னு பொய் எழுதினதையும் இவங்ககிட்டச் சொல்லிட்டேன் என்றேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று எதிர்பார்த்தேனோ என்னவோ. மன்னித்துவிடுவாள் என்றாவது. அவள் முகம் சிவந்துவிட்டது. அவள் கோபப்பட்டு நான் பார்த்ததே இல்லை.

"இவங்ககிட்டச் சொல்லி என்னங்க ஆகுது? நாளைக்கு ஏரோப்ளேன் ஏறிப் போயிருவாங்க. என்ற ஊட்டுக்காரருகிட்டச் சொல்லுங்க அம்மணி." முந்தானையிலிருந்து கையை வெளியே எடுத்தாள். "ஒரு வருசமா இந்த ஊட்டுல அதே பேச்சுத்தானுங்க. உப்பு கூடிப்போனாலும் கவனமில்லாதவ. பால் பொங்கிப்போனாலும் கவனமில்லாதவ. புள்ளைக்குக் காச்சல் வந்தாலும், கையவே காப்பாத்திக்கத் தெரியாதவளுக்குப் புள்ளையப் பாக்கத் தெரியுமாங்கறாரு. என்ற மகளே சொல்லுது இப்ப."

எம்.பி. கேட்டார். ஒரு சொல் விடாமல் சொன்னேன். அவர் உதவியாளரிடமிருந்து நோட்டை வாங்கி மூடினார்.

"கணவர் எத்தனை மணிக்கு வருவார்?"

ஐந்தரைக்கு. அப்போது மணி மூன்று. கோவையில் நான்கு மணிக்கு அவருக்குக் கலெக்டரோடு கூட்டம். உதவியாளர் கைக்கடிகாரத்தைக் காட்டி ஏதோ முணுமுணுத்தார். கூட்டம் காத்திருக்கட்டும் என்று எம்.பி. அங்கேயே உட்கார்ந்திருந்தார். இத்தனைக்கும் நடுவில் அவள் எழுந்து போய் எங்களுக்கு மோர் கலக்கிக் கொண்டுவந்தாள். வந்தவர்களைச் சும்மா உட்காரவைக்க அவளால் முடியாது. என்னால் அதைக் குடிக்க முடியவில்லை.

ஆர்டர் என்ன ஆயிற்று என்று கேட்பவர்களுக்கு இங்கேயே சொல்லிவிடுகிறேன். பாதிதான் வந்தது, அடுத்த வருடமும் பாதிதான். ஆளைக் குறைக்காமல் ஷிஃப்டைக் குறைத்து அண்ணன் சமாளித்தார். மூன்று மாதம் என்னோடு பேசவில்லை. பேசியபோது முதல் வார்த்தை, "எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே கண்ணு" என்பதுதான். எம்.பி.யின் சட்டம் நிறையச் சமரசங்களோடு ஓட்டுக்கு வந்தது. அவர் பேசியதை நான் கம்ப்யூட்டரில் பார்த்தேன். எங்கள் ஊரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை.

ஐந்தரைக்கு அவள் புருஷன் வந்தார். விசைத்தறியிலிருந்து நேராக வந்ததால் தலையெல்லாம் பஞ்சு. வீட்டில் வெள்ளைக்காரம்மா தரையில் உட்கார்ந்திருப்பதையும் என்னையும் பார்த்துக் கையிலிருந்த சாப்பாட்டுத் தூக்குப்போசியைக் கீழே வைக்காமல் வாசலிலேயே நின்றுவிட்டார். நான் எழுந்தேன். இரண்டரை மணி நேரமாக வார்த்தைகளை அடுக்கி வைத்திருந்தேன், ஒன்றும் நினைவுக்கு வரவில்லை.

"அது உங்க சம்சாரத்தோட தப்பு இல்லீங்க," என்றேன். "மூடி கெட்டுப்போச்சுன்னு எங்கிட்ட முன்னாலயே வந்து சொன்னாங்க. நான்தான் கவனிக்காம விட்டுப்போட்டேன். நோட்டுல எழுதுனது பொய்யிங்க. எம்மேல வரக்கூடாதுன்னு நான்தான் எழுதினேன்."

அவர் என்னைத் திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் என்னைப் பார்க்கவே இல்லை. மனைவியைத்தான் பார்த்தார்.

"ஏன் நீ எங்கிட்டச் சொல்லவே இல்ல?"

"ஆஸ்பத்திரியிலயே சொன்னனுங்க," என்றாள் அவள். "நீங்க நோட்டுல எழுதியிருக்கறதைத்தான் நம்புனீங்க."

எம்.பி. என் முழங்கையைத் தொட்டு, அவள் என்ன சொன்னாள் என்று கேட்டார். அந்த ஒரு வாக்கியத்தைக் கூட்டாமல் குறைக்காமல் அவர் மொழியில் சொன்னேன்.